யாருடைய இரைச்சல்

டாக் டாக் என்ற பிரிட்டிஷ் ராக் குழு மொத்தமே ஐந்து ஸ்டுடியோ ஆல்பங்கள்தான் போட்டது. 1982இல் 'த பார்ட்டிஸ் ஓவர்', 1984இல் 'இட்ஸ் மை லைஃப்', 1986இல் 'த கலர் ஆஃப் ஸ்பிரிங்', 1988இல் 'ஸ்பிரிட் ஆஃப் ஈடன்', 1991இல் 'லாஃபிங் ஸ்டாக்'. அவ்வளவுதான். ஐந்தையும் ஒரே மூச்சில் கேட்டால் மூன்றரை மணி நேரம். என் பழைய பிளேயரில் 128 கேபிபிஎஸ் எம்பி3ஆக அவை ஐந்தும் சேர்ந்து 200 எம்பி இடத்தைத்தான் பிடித்திருந்தன. போன குளிர்காலத்தில் லண்டனின் சாரிட்டி கடைகளில் ஒவ்வொரு சிடியாகத் தேடி வாங்கி, கணினியில் ஏற்றி, ஃப்ளாக் கோப்புகளாக மாற்றினேன். இப்போது அதே ஐந்து ஆல்பங்கள் ஒன்றேகால் ஜிபி. அதே பாட்டு, அதே நிமிடக் கணக்கு. அப்படியானால் கூடுதலாக வந்த அந்த ஒரு ஜிபியில் என்னதான் இருக்கிறது?

இந்தக் கேள்வியை ஆடியோ பைத்தியங்களிடம் கேட்டால் மூன்று நாள் பேசுவார்கள். முன்னறை விரிந்தது, திரை விலகியது, பாடகர் எதிரில் வந்து உட்கார்ந்தார் என்பார்கள். ஒன்றரை லட்ச ரூபாய் கேபிள் வாங்கியவரிடம் உண்மையைச் சொல்லி அவர் நிம்மதியைக் கெடுப்பானேன் என்று நானும் தலையாட்டிவிட்டு வந்துவிடுவேன். எனக்கு இந்தக் கேள்வி வேறு வழியாக வந்தது. 44 வயதில் என் காதுக்கு ஒரு ஆடியோகிராம் எடுத்தார்கள்.

முதலில் அந்த ஒரு ஜிபி. சிடியில் ஒலி என்பது வெறும் எண்கள். ஒரு விநாடிக்கு, ஒரு சேனலுக்கு, 44,100 எண்கள். ஒவ்வொன்றும் 16 பிட். ஸ்டீரியோவில் விநாடிக்கு 1,411 கிலோபிட். எம்பி3 இதில் என்ன செய்கிறது என்றால், மனிதக் காதின் பலவீனத்தைக் கணக்குப் போடுகிறது. ஒரு பலத்த சத்தம் வரும்போது அதன் பக்கத்திலேயே ஒலிக்கும் மெல்லிய சத்தம் நமக்குக் கேட்காது. பலத்த சத்தம் நின்ற மறுகணத்திலும் காது கொஞ்ச நேரம் மந்தமாகவே இருக்கும். சரி, எப்படியும் கேட்காத ஒன்றைச் சுமப்பானேன் என்று முறத்தில் புடைத்துத் தள்ளிவிடுகிறது. 128 கேபிபிஎஸ் என்றால் பதினொன்றில் ஒரு பங்குதான் மிச்சம். அதை வைத்துக்கொண்டு பாட்டு பாட்டாகவே கேட்கிறது என்பது உண்மையிலேயே பெரிய சாதனை. ஜெர்மனியில் இதை உருவாக்கியவர்களில் ஒருவரான கார்ல்ஹைன்ஸ் பிராண்டன்பர்க், சூசன் வேகாவின் 'டாம்ஸ் டைனர்' பாட்டைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டுத்தான் தன் நிரலைச் சீர்செய்தார். பக்கவாத்தியம் இல்லாத ஒற்றைக் குரல். ஒளிந்துகொள்ள இடமில்லாத பாட்டு.

ஃப்ளாக் எதையும் தள்ளுவதில்லை. ஜோஷ் கோல்சன் எழுதிய இந்த நிரலின் முதல் முழுப் பதிப்பு 2001இல் வந்தது. அது செய்வது ஒருவகை ஊகம். போன சில எண்களைப் பார்த்து அடுத்த எண் இதுவாகத்தான் இருக்கும் என்று ஊகிக்கிறது. ஊகத்துக்கும் நிஜத்துக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டும் எழுதி வைக்கிறது. திரும்ப இயக்கும்போது ஊகத்தோடு வித்தியாசத்தைக் கூட்டினால் பழைய எண் அச்சு அசலாகக் கிடைத்துவிடும். ஒரு வீணை நாதம் போலச் சீராகப் போகும் ஒலியை ஊகிப்பது சுலபம். முழு மௌனத்துக்கு ஏறக்குறைய இடமே தேவையில்லை. ஊகிக்கவே முடியாதது இரைச்சல். 'உஸ்ஸ்' என்று வருகிற ஆம்ப் இரைச்சலில் முந்தைய எண்ணுக்கும் அடுத்த எண்ணுக்கும் எந்த உறவும் கிடையாது. ஆகவே அதை ஒவ்வொரு எண்ணாக, ஒன்றுகூட விடாமல் எழுதியாக வேண்டும். எம்பி3 முதலில் கைகழுவும் பொருளுக்காகத்தான் ஃப்ளாக் அதிகம் செலவழிக்கிறது. இந்த ஒரு விஷயம் எனக்கு ரொம்பப் பிடித்துப்போனது. காரணம் பிறகு சொல்கிறேன்.

வித்தியாசம் தெரிகிறதா என்று கண்ணைக் கட்டிக்கொண்டு சோதித்தும் பார்த்தேன். ஏபிஎக்ஸ் சோதனை என்பார்கள். எது எந்தக் கோப்பு என்று சொல்லாமல் கணினி பதினாறு முறை போட்டுக்காட்டும். நாம் கண்டுபிடிக்க வேண்டும். 128க்கும் ஃப்ளாக்குக்கும் பதினாறில் பதினான்கு சரியாகச் சொன்னேன். சிம்பல் ஓசையில் ஒரு தண்ணீர்த்தன்மை வந்துவிடும், அதைப் பிடித்துக்கொண்டால் போதும். 320 கேபிபிஎஸ் எம்பி3க்கும் ஃப்ளாக்குக்கும் பதினாறில் ஒன்பது. காசைச் சுண்டிப்போட்டாலே எட்டு வரும். ஆகவே நல்ல எம்பி3யும் லாஸ்லெஸ்ஸும் என் காதுக்கு ஒன்றுதான். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை, பெரும்பாலானவர்களின் காதுக்கும் அப்படித்தான்.

ஆடியோகிராம் தாளில் இரண்டு கோடுகள் இருந்தன. 250 ஹெர்ட்ஸிலிருந்து 2,000 வரை மேசைமேல் ஸ்கேல் வைத்ததுபோல நேராகப் போய், 4,000இல் திடீரென்று பள்ளத்தில் விழுந்து, 8,000இல் கொஞ்சம் மேலே ஏறின. இடது காதில் 45 டெசிபல் பள்ளம், வலதில் 35. எங்கே வேலை செய்கிறீர்கள் என்று கேட்டார் அந்த அம்மா. டேட்டா சென்டர் என்றேன். சர்வர் விசிறிகளின் சத்தத்தில் பதினோரு வருடம். தலையாட்டினார். அதுவாக இருக்கலாம், வயதாக இருக்கலாம், பரம்பரையாக இருக்கலாம் என்றார். உள்காதில் இருக்கும் மயிர்செல்கள் ஒருமுறை போனால் போனதுதான், மனிதர்களுக்கு அவை மறுபடி முளைப்பதில்லை. பள்ளத்துக்கு மேல், 6,000 ஹெர்ட்ஸ் வாக்கில், இரவும் பகலும் ஒரு கீச்சு. காதிரைச்சல். சில்வண்டு என்று சொல்வார்கள், எனக்கு அவ்வளவு கவித்துவமாகத் தோன்றவில்லை. பழைய டிவியை ஊமையாக்கி வைத்தால் ஒரு சன்னமான சத்தம் வருமே, அதனோடு கொஞ்சம் ஆவி கலந்த மாதிரி.

அன்று ரயிலில் வரும்போது எனக்கு வந்த பயம் பேச்சு கேட்காமல் போய்விடுமோ என்பதல்ல. இனி மௌனம் என்று ஒன்று கிடையாது என்பதுதான். அந்த நேரத்தில் ஞாபகம் வந்தது டாக் டாக்.

அந்தப் பெயரைக் கேள்விப்படாதவர்கள் ஏன் என்று கேட்பீர்கள். 1980களில் லண்டனில் முளைத்த நூறு சிந்த்-பாப் குழுக்களில் ஒன்றாகத்தான் இவர்கள் தொடங்கினார்கள். முதல் ஆல்பத்தைத் தயாரித்த காலின் தர்ஸ்டன் அதற்குமுன் டுரான் டுரானுக்கு வேலை செய்தவர். கம்பெனிக்கும் அந்த ஆசைதான் இருந்திருக்கும். லாஸ்லெஸ்ஸில் 'த பார்ட்டிஸ் ஓவர்' கேட்பது ஒரு விதத்தில் அநியாயம். அந்தக்கால எலக்ட்ரானிக் டிரம்மின் பிளாஸ்டிக் இன்னும் தெளிவாகப் பிளாஸ்டிக்காகக் கேட்கிறது. இரண்டாவது ஆல்பத்தில் தயாரிப்பாளர் டிம் ஃப்ரீஸ்-கிரீன் வந்து சேர்கிறார், பாடகர் மார்க் ஹாலிஸோடு சேர்ந்து எழுதவும் செய்கிறார். அதன் தலைப்புப் பாட்டை 2003இல் நோ டவுட் மறுபடி பாடியதால் உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். மூலப்பாட்டை ஒருமுறை கேளுங்கள். பால் வெப்பின் ஃப்ரெட் இல்லாத பாஸ் வழுக்கி வழுக்கிப் பேசுவது போன் ஸ்பீக்கரில் கிடைக்காது. மூன்றாவதான 'த கலர் ஆஃப் ஸ்பிரிங்' பிரிட்டனில் எட்டாம் இடம்வரை போனது. ஸ்டீவ் வின்வுட் ஆர்கன் வாசித்தார். அதில் 'சமீலியன் டே' என்றொரு சின்னப் பாட்டு உண்டு. தாளம் கிடையாது. பியானோ ஒரு சொல் சொல்லிவிட்டு நிறுத்தும். அடுத்து என்ன செய்யப்போகிறார்கள் என்பது அந்த நிறுத்தத்திலேயே தெரிந்துவிடுகிறது, இப்போது திரும்பிப் பார்க்கும் நமக்கு.

அந்த வெற்றிக்குப் பிறகு கம்பெனி பணத்தை எடுத்து நீட்டியது. 1987 மே மாதம் வடக்கு லண்டனில் ஹைபரியில் இருந்த வெசக்ஸ் ஸ்டுடியோவுக்குள் போனவர்கள் 1988 மார்ச்சில்தான் வெளியே வந்தார்கள். ஒரு பழைய தேவாலயக் கூடத்தை ஸ்டுடியோவாக மாற்றிய இடம் அது. கிங் கிரிம்சனின் முதல் ஆல்பமும் த கிளாஷின் 'லண்டன் காலிங்'கும் பதிவானது அங்கேதான். ஒலிப்பதிவாளர் ஃபில் பிரவுன் தன் நினைவுக்குறிப்பில் அந்த மாதங்களைப் பற்றி எழுதியிருக்கிறார். விளக்கை அணைத்துவிடுவார்கள். சுவரில் நெளியும் எண்ணெய் நிறங்களின் வெளிச்சமும் ஒரு ஸ்ட்ரோப் விளக்கும் மட்டும். இருட்டில் கலைஞர்கள் ஒவ்வொருவராக வருவார்கள். பாட்டு எப்படிப் போகிறது என்று அதிகம் சொல்லமாட்டார்கள். தோன்றுவதை வாசிக்கச் சொல்வார்கள். வயலின் கலைஞர் நைஜல் கென்னடி, டபுள் பாஸில் டேனி தாம்சன், டிரம்பெட்டில் ஹென்றி லோதர், ஹார்மோனிகாவில் மார்க் ஃபெல்தம், செம்ஸ்ஃபோர்ட் கதீட்ரலின் சேர்ந்திசைக் குழு. மணிக்கணக்காக வாசித்ததை எல்லாம் பதிவு செய்துவிட்டு, பிறகு ஹாலிஸும் ஃப்ரீஸ்-கிரீனும் உட்கார்ந்து கேட்டு, பெரும்பகுதியை அழித்தார்கள். ஒருவர் நாள் முழுக்க வாசித்ததில் இரண்டு சுரங்கள் மிஞ்சினால் அதிர்ஷ்டம்.

இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. நான் லாஸ்லெஸ், லாஸ்லெஸ் என்று அலைகிறேன். ஆல்பமே மகா பெரிய நஷ்டத்தில் உருவானது. எம்பி3 தள்ளுவது உங்களுக்குத் தெரியவே தெரியாததை. இவர்கள் தள்ளியது அப்படியல்ல. அது நன்றாகக் கேட்டிருக்கும், ஒருவேளை பிரமாதமாகவும் இருந்திருக்கும், இருந்தும் தள்ளினார்கள். மிஞ்சியதைச் சுற்றி இடம் விடுவதற்காக. சுரத்தைவிட மௌனம் மேல் என்பதை ஹாலிஸ் பேட்டிகளில் திரும்பத் திரும்பச் சொல்லிவந்தார்.

'ஸ்பிரிட் ஆஃப் ஈடன்' ஆறே துண்டுகள். முதல் மூன்றான 'த ரெயின்போ', 'ஈடன்', 'டிசையர்' ஒன்றோடொன்று ஒட்டிப் போகின்றன. இருபது நிமிடங்களுக்கு மேல் ஒரே ஓட்டம். எம்பி3 ஒலியை 1,152 எண்கள் கொண்ட கட்டங்களாக வெட்டுவதால் கோப்பின் தலையிலும் வாலிலும் கொஞ்சம் வெறுமை ஒட்டிக்கொள்ளும். என் பழைய பிளேயருக்கு அதைக் கழிக்கத் தெரியாது. 'ரெயின்போ' முடிந்து 'ஈடன்' தொடங்கும் இடத்தில் கண்ணிமைக்கும் நேரம் ஒரு ஓட்டை விழும். பத்து வருடம் அந்த ஓட்டையோடுதான் கேட்டேன். ஃப்ளாக்கில் அது இல்லை. ஆனால் அந்த இடம் வரும்போது என் உடம்பு இன்னும் ஒரு சின்னப் படியை எதிர்பார்த்துக் காலைத் தூக்குகிறது.

'ரெயின்போ' தொடங்கி இரண்டு நிமிடத்துக்கு மேல் பாட்டு என்று எதுவும் இல்லை. தூரத்தில் டிரம்பெட், தந்திகள், ஏதோ உரசுகிறது, ஏதோ அசைகிறது. பிறகுதான் கிடாரும் தாளமும் வருகின்றன. கொஞ்ச நேரத்தில் ஆம்ப் வழியாகக் கிழிந்து வரும் ஹார்மோனிகா பாய்கிறது. டிரம் சத்தம் வாத்தியத்திலிருந்து வருவதாகத் தோன்றாது, அறையிலிருந்து வருவதாகத் தோன்றும். இதற்காகத்தான் நான் சத்தத்தைக் கூட்டுவதில்லை என்று முடிவு செய்தேன். மெல்லியது மெல்லியதாகவே இருக்கட்டும். அந்த இரண்டு நிமிடத்தில் என் காதின் கீச்சு டிரம்பெட்டுக்கு மேலே ஒரு நூல் கட்டியது போல நின்றுகொண்டிருந்தது. எரிச்சலாக இருந்தது. இன்னொரு இரவு அதே எரிச்சல். நான்காவது இரவிலோ ஐந்தாவது இரவிலோ, எப்போது என்று சொல்ல முடியவில்லை, ஹார்மோனிகா வரும்வரை அது எங்கே போயிருந்தது என்று யோசித்தேன். போகவில்லை. நான் அதைக் கேட்கவில்லை. இசைக்குழு விட்டுவைத்த இடத்தில் அதுவும் ஓர் ஓரமாக உட்கார்ந்திருந்தது. குணமாகிவிட்டது என்று எழுத ஆசைதான், ஆனால் படுக்கப் போகும்போது மறுபடி வந்துவிடும்.

ஒரு சந்தேகம் மட்டும் விடவில்லை. எம்பி3 கணக்குப் போடுவது சராசரி ஆரோக்கியக் காதை வைத்து. ஒரு பலத்த ஒலி பக்கத்து மெல்லிய ஒலியை மறைத்துவிடும் என்பது அதன் நம்பிக்கை. அந்தப் பலத்த ஒலியே என் பள்ளத்தில் விழுந்து பாதியாகிவிட்டால்? மறைக்க ஆளில்லாத இடத்தில் அது எதையோ வெட்டியிருக்கும் அல்லவா? என் காது இனி அந்தச் சராசரியில் சேர்த்தி இல்லை. ஏபிஎக்ஸில் நான் தோற்றது உண்மை. இருந்தும் எனக்கு எது கேட்காது என்பதை என்னைப் பார்க்காத ஒருவர் முன்கூட்டியே முடிவு செய்வது பிடிக்கவில்லை. லாஸ்லெஸ் வைத்துக்கொள்ள என்னிடம் இருக்கும் ஒரே நியாயமான காரணம் இதுதான், மற்றதெல்லாம் ஜம்பம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஹைபரி நியூ பார்க் சாலைக்குப் போய் வெசக்ஸ் இருந்த கட்டடத்தைப் பார்த்தேன். ஸ்டுடியோ மூடி, குடியிருப்பாக்கி வருடங்கள் ஆகிவிட்டன. யாரோ வீட்டு ஜன்னலில் துணி காயப்போட்டிருந்தார்கள். அரைமணி நேரம் நின்றிருப்பேன். ஒரு ஆம்புலன்ஸ் போனது.

'ஸ்பிரிட் ஆஃப் ஈடன்' கம்பெனிக்குப் புரியவில்லை. ஒப்பந்தம் பற்றிய தகராறு நீதிமன்றம் வரை போய், குழு வேறு கம்பெனிக்கு மாறியது. வெப்பும் விலகிவிட்டார். மிஞ்சியவர்கள் ஹாலிஸும் டிரம்மர் லீ ஹாரிஸும்தான். அதே வெசக்ஸ், அதே இருட்டு, அதே ஃபில் பிரவுன். 1991இல் 'லாஃபிங் ஸ்டாக்' வந்தது. ஹாலிஸ் 1986க்குப் பிறகு மேடை ஏறவே இல்லை. 1998இல் தன் பெயரிலேயே ஒரு தனி ஆல்பம் போட்டார், அதோடு இசை உலகத்தை விட்டே ஒதுங்கிக்கொண்டார். 2019 பிப்ரவரியில் 64 வயதில் இறந்தார். இருபது வருடம் ஒரு மனிதன் சொன்ன சொல் காப்பாற்றி மௌனமாக இருந்தது எனக்கு அந்த ஆல்பங்கள் அளவுக்கே ஆச்சரியம்.

என் மகளுக்குப் பத்து வயது. என் தாளைப் பார்த்துவிட்டுத் தனக்கும் டெஸ்ட் வேண்டும் என்று அடம்பிடித்தாள். போனில் ஒரு செயலியைப் போட்டு, ஸ்பீக்கரில் இணைத்து, ஒலியின் அதிர்வெண்ணைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினேன். பதினோராயிரம் ஹெர்ட்ஸுக்கு மேல் எனக்கு ஒன்றுமில்லை. அவள் கையைத் தூக்கிக்கொண்டே இருந்தாள். பதினைந்தாயிரத்தில் இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள்.

"நிறுத்துங்கப்பா, ஊசி மாதிரி குத்துது."

அறை எனக்கு முழு அமைதியாக இருந்தது. அந்தப் பழைய 128 எம்பி3கள் சுமார் பதினாறாயிரத்துக்கு மேல் எல்லாவற்றையும் சீவிவிட்டவை. சிடி இருபத்திரண்டாயிரம் வரை போகும். நான் சேர்த்துவைத்த அந்த ஒரு ஜிபியில் ஒரு பங்கு என் வீட்டில் இவளுக்கு மட்டும்தான் திறக்கும்.

'லாஃபிங் ஸ்டாக்'கின் முதல் துண்டு 'மிர்மேன்'. அது இசையோடு தொடங்குவதில்லை. கிடார் ஆம்ப் போட்டு வைத்திருக்கும் வெறும் இரைச்சல் சில விநாடிகள் ஓடும், பிறகுதான் கிடார் வாயைத் திறக்கும். மற்ற எந்தத் தயாரிப்பாளரும் முதல் வேலையாக வெட்டி எறிந்திருக்கும் துண்டு. இவர்கள் ஏழு மாத உழைப்பின் வாசற்படியில் அதைக் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். சிக்கல் என்னவென்றால் அந்த 'உஸ்ஸ்'ஸும் என் காதின் 'உஸ்ஸ்'ஸும் ஏறக்குறைய ஒன்று. பொத்தானை அழுத்திவிட்டு, இப்போது கேட்பது வெசக்ஸா நானா என்று தெரியாமல் உட்கார்ந்திருப்பேன். கிடார் வந்த பிறகுதான் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது உறுதியாகும்.

ஒரு நாள் அவளைப் பக்கத்தில் உட்காரவைத்தேன்.

"சத்தம் ஏதாவது வருதாம்மா?"

"வருதுப்பா. மழை தூரத்துல பெய்யற மாதிரி."

"எப்ப நிக்குதுன்னு சொல்லு."

கிடார் வந்தது. அவள் ஒன்றும் சொல்லவில்லை. ஹாலிஸ் பாட ஆரம்பித்தார். நான் அவள் முகத்தைப் பார்த்தேன்.

"நின்னுடுச்சா?"

"இல்லப்பா, அடியில இருக்கு. அவர் மூச்சு விடறப்ப நல்லாக் கேக்குது."

எனக்கு அது தெரியாது. அந்த இரைச்சல் கிடார் வந்ததும் ஓய்ந்துவிடும் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். என்ன கேட்கிறது, எங்கே கேட்கிறது என்று அவள் சொல்லச் சொல்ல மிச்சத்தையும் கேட்டோம். அவளுக்குப் பாட்டு பிடித்ததா என்று கேட்கவில்லை, பாதியில் என் கைவிரல்களை எண்ணிக்கொண்டிருந்தாள்.

அடுத்தது 'அசென்ஷன் டே'. கடைசி நிமிடத்தில் கிடாரும் டிரம்மும் வெறி ஏறி ஏறி உச்சிக்குப் போய்க்கொண்டிருக்கும்போதே கத்தியால் அறுத்ததுபோல நின்றுவிடும். முடிவும் இல்லை, தேய்வும் இல்லை. அவள் திடுக்கிட்டுத் திரும்பினாள்.

"போன் ஆஃப் ஆயிடுச்சாப்பா?"

"இல்லடா கண்ணு, அவங்களே அப்படி வெட்டிட்டாங்க."

"ஏன்?"

யோசித்துக்கொண்டிருந்தேன். அறுபட்ட இடத்தில் என் கீச்சு மட்டும் ஒலித்துக்கொண்டிருந்தது, அவ்வளவு சத்தத்துக்குப் பிறகு வழக்கத்தைவிடக் கூர்மையாக.

"அடுத்த பாட்டு ஆரம்பிச்சிடுச்சுப்பா," என்றாள்.

எனக்கு அது வந்து சேர இன்னும் கொஞ்ச நேரம் ஆனது.